கிணறு உப்பாகிவிட்டது, இன்னும் ஆழப்படுத்தலாமா?

கேள்வி: ஐயா, உச்சிப்புளிக்கு வடக்கே, கடலிலிருந்து ஒரு கிலோமீட்டர் தூரத்தில் எங்களுக்கு ஒன்றரை ஏக்கர் மணல் நிலம் உள்ளது. கணவர் வெளிநாட்டில் வேலை செய்கிறார். மாமியாரும் நானும் தோட்டத்தைப் பார்த்துக்கொள்கிறோம். பழைய திறந்த கிணறு 14 அடி. அதன் தண்ணீரைக் குடித்தே வளர்ந்த குடும்பம் இது. சென்ற ஆண்டு பக்கத்திலேயே 70 அடிக்கு ஆழ்துளைக் கிணறு போட்டு, 2 எச்.பி. மோட்டார் வைத்தோம். நான்கே மாதத்தில் அந்தத் தண்ணீர் கரிக்கத் தொடங்கியது. இப்போது திறந்த கிணற்று நீரும் கரிக்கிறது. சோதனையில், நீரில் கரைந்த உப்பின் அளவைக் காட்டும் மின் கடத்தும் திறன் (ஈ.சி.) ஆழ்துளை நீருக்கு 5.8, திறந்த கிணற்று நீருடையது 2.6 என்று வந்தது. மண்ணின் கார அமில நிலை 7.9. அவரையும் வெங்காயமும் கருகிவிட்டன, தக்காளி இலை ஓரம் காய்கிறது. ஆழ்துளை நீர் குடிக்கும் கோழிகளுக்கு எச்சம் தண்ணீராகப் போகிறது. இன்னும் 50 அடி இறக்கினால் நல்ல தண்ணீர் வரும் என்று துளை போட்டவர் சொல்கிறார். ஜிப்சம் அரை டன் போடுங்கள் என்று கடையில் சொல்கிறார்கள். 25 தென்னங்கன்றுகளும் 6 ஆடுகளும் உள்ளன. ஒரு கறவை மாடும் வாங்கி, வீட்டுக்கு வேண்டியதை எல்லாம் நாங்களே விளைவித்துக்கொள்ள விரும்புகிறோம். என்ன செய்யலாம்?

பதில்: அன்புள்ள சகோதரிக்கு, முதலில் துளை போடுபவரிடம் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். உங்கள் நிலத்தில் நல்ல தண்ணீர் மேலேதான் இருக்கிறது. கீழே போகப் போக நீங்கள் நெருங்குவது கடல் நீரையே.

கடலோர மணலில் மழை நீர் கீழே இறங்கி, உப்பு நீரின் மேல் ஒரு படலமாக மிதந்து நிற்கிறது. நன்னீரைவிடக் கடல் நீர் சற்றே கனமானது என்பதால், கடல் மட்டத்துக்கு மேல் ஒரு அடி உயரத்துக்கு நன்னீர் நின்றால், அதற்குக் கீழே ஏறத்தாழ 40 அடி வரை நன்னீர் நிற்கும் என்பது நிலத்தடி நீரியலில் நெடுங்காலமாகப் பயன்பட்டு வரும் கணக்கு. இதே கணக்கு எதிர்த்திசையிலும் வேலை செய்கிறது: மோட்டார் வைத்து இறைத்து மேல்மட்டத்தை ஒரு அடி இறக்கினால், அடியிலுள்ள உப்பு நீர் 40 அடி மேலேற முனைகிறது. உங்கள் 70 அடித் துளை நன்னீர்ப் படலத்தைத் தாண்டிப் போயிருக்க வேண்டும், அல்லது அதன் அடிவிளிம்பில் நிற்க வேண்டும். அதிலிருந்து 2 எச்.பி. மோட்டார் மணிக்கணக்கில் இழுத்தபோது, குழாயைச் சுற்றி உப்பு நீர் கூம்பு போல மேலேறி, பக்கத்துத் திறந்த கிணற்றையும் தொட்டுவிட்டது. இன்னும் 50 அடி இறக்கினால் செலவும் உப்பும்தான் கூடும்.

ஆகவே அந்த மோட்டாரைக் கழற்றிவிட்டு, துளையை அடியிலிருந்து பெண்டோனைட் களிமண்ணும் சிமெண்டும் இட்டு அடைத்துவிடுவது நல்லது. பயன்படுத்தாவிட்டாலும் திறந்து கிடக்கும் துளை, உப்பு நீர் மேலேறுவதற்கு வழியாகவே இருக்கும். போட்ட பணம் போகிறதே என்ற வருத்தம் எனக்குப் புரிகிறது. ஆனால் திறந்த கிணறும் போய்விட்டால் அந்த நிலத்தில் குடியிருக்கவே முடியாது.

திறந்த கிணறு தேறும் என்றே நம்புகிறேன். ஆழ்துளையிலிருந்து இறைப்பதை நிறுத்தி, ஒன்றிரண்டு நல்ல மழைக்காலம் கிடைத்தால் மணல் நிலத்தில் நன்னீர்ப் படலம் மீண்டும் தடித்துவிடும். அதுவரை திறந்த கிணற்றில் அரை எச்.பி. மோட்டாரைக் கொண்டு காலையில் அரை மணி நேரம், மாலையில் அரை மணி நேரம் மட்டும் இறையுங்கள். உறிஞ்சு குழாய்க்கு வளையும் ஹோஸ் போட்டு, அதன் நுனியில் நீரை உள்ளிழுக்கும் புட்வால்வை ஒரு காலி பிளாஸ்டிக் கேனில் கட்டி மிதக்கவிடுங்கள்; நீர்மட்டம் ஏறினாலும் இறங்கினாலும் அது மேற்பரப்பிலிருந்து ஒரு அடிக்குக் கீழேயே நின்று மேல்நீரை மட்டும் எடுக்கும். கிணற்றுக்குள் மேலும் கீழும் தண்ணீர் ஒன்றாக இருப்பதில்லை என்பதை நீங்களே பார்க்கலாம்: ஒரு பாட்டிலில் கல்லைக் கட்டி, மூடியில் தனிக் கயிறு கட்டி அடிவரை இறக்கி, அங்கே மூடியை இழுத்துத் திறந்து நீர் எடுங்கள். அதையும் மேல்நீரையும் கையடக்க ஈ.சி. மானியில் வைத்துப் பார்த்தால் வித்தியாசம் தெரியும். இந்த மானி விலை அதிகமில்லை. உங்கள் தோட்டத்துக்கு இது மண்வெட்டியைப் போல அவசியமான கருவி.

ஜிப்சம் வேண்டாம். சோடியம் மண் துகளோடு ஒட்டிக்கொண்டு, கார அமில நிலை 8.5-க்கு மேல் போன களர் நிலத்தில்தான் அது வேலை செய்கிறது. அங்கே ஜிப்சத்திலுள்ள கால்சியம் சோடியத்தை விரட்டி அந்த இடத்தில் உட்காருகிறது. உங்களுடையது 7.9, இது உவர் மண். கரைந்து கிடக்கும் உப்பைக் கீழே கழுவி இறக்க வேண்டும், அதற்கு நல்ல தண்ணீர் ஒன்றே மருந்து. ஒரு அடி ஆழ மண்ணிலுள்ள உப்பில் பெரும்பகுதியை இறக்க, ஏறத்தாழ ஒரு அடி நீர் அதன் வழியாக இறங்க வேண்டும். ராமநாதபுரம் மாவட்டத்தில் ஆண்டுக்குச் சுமார் 800 மில்லிமீட்டர் மழை பெய்கிறது; அதில் பாதிக்கு மேல் வடகிழக்குப் பருவமழையில் கிடைக்கிறது. புரட்டாசி முடிவதற்குள் நிலத்தைச் சமப்படுத்தி, பாத்திகளைச் சுற்றி முக்கால் அடி உயரத்துக்கு வரப்பு எடுத்துவிட்டால், ஐப்பசி, கார்த்திகை மழை வெளியே ஓடாமல் அங்கேயே இறங்கி உப்பையும் கழுவும், கிணற்றுப் படலத்தையும் நிரப்பும். அந்த மழையிலேயே காய்கறி இல்லாத இடத்தில் ஏக்கருக்கு 20 கிலோ வீதம் தக்கைப்பூண்டு விதைத்து, பூக்கும் தறுவாயில், சுமார் 45 நாளில், மடக்கி உழுதுவிடுங்கள். உப்பைத் தாங்கி வளரும் பசுந்தாள் அது. மணலுக்கு ஈரம் பிடிக்கும் தன்மை இலை மக்கினால்தான் வரும்.

காய்கறிக்கு மூன்று சென்ட் போதும். அதற்கு மேல் வேண்டாம் என்பேன். மூன்று சென்டுக்கு வெயில் காலத்தில் நாளொன்றுக்குச் சுமார் 500 லிட்டர் தண்ணீர் வேண்டியிருக்கும். உங்கள் வீட்டுக் கூரை 600 சதுர அடி என்று வைத்துக்கொண்டால், ஒரு சென்டிமீட்டர் மழைக்கு 500 லிட்டர் கிடைக்கும். மார்கழிக்குள் 10,000 லிட்டர் தொட்டியை நிரப்பி, வழியும் நீரைக் கிணற்றருகே ஒரு மணல் குழியில் இறக்குங்கள். தொட்டி நீரை அப்படியே ஊற்றினால் 20 நாளில் தீர்ந்துவிடும், 2.6 ஈ.சி. உள்ள கிணற்று நீரோடு சரிபாதி கலந்தால் கலவை 1.4-க்கும் கீழே இறங்கும், 40 நாள் வரும். பங்குனி, சித்திரையில் தக்காளியைக் காப்பாற்ற அது போதும்.

எதை எப்போது வைப்பது என்பதையும் தண்ணீரே தீர்மானிக்கட்டும். அவரை, வெங்காயம், கேரட் ஆகியவை உப்புக்கு மிகவும் கூசுபவை. மழை நீரை நம்பி ஐப்பசி முதல் தை வரை மட்டும் வையுங்கள். கத்தரியும் முண்டு மிளகாயும் அதே பருவத்தில்தான். நம் மாவட்டத்து முண்டு மிளகாய் 2023-இல் புவிசார் குறியீடு பெற்றது. அதன் பெரும் சாகுபடி கரிசல் பக்கம் மானாவாரியாக நடக்கிறது என்றாலும், வீட்டுத் தேவைக்கு அரை சென்டில் நட்டுக்கொள்ளலாம். மாசிக்குப் பிறகு கொத்தவரை, தட்டைப்பயறு, பீட்ரூட், பருப்புக்கீரை என்று உப்பைத் தாங்குபவற்றுக்கு மாறிவிடுங்கள். செடியை மேட்டுப் பாத்தியின் உச்சியில் நடாதீர்கள். நீர் ஆவியாகும்போது உப்பு ஏறி உச்சியில்தான் வெள்ளையாகப் பூக்கிறது. சரிவின் நடுவில் நட்டால் வேர் அதிலிருந்து தப்பும். தண்ணீரை இலைமேல் தெளிக்காமல் தூரில் ஊற்றுங்கள், மண் முழுக்கக் காயும் வரை விடாதீர்கள். காயக் காய உப்பின் செறிவு கூடுகிறது. பனையோலை, தென்னோலை மூடாக்கு இருந்தால் பாதிச் சிக்கல் தீரும். வாடைக்காற்றில் வரும் உப்புத் திவலையைத் தடுக்க வடகிழக்கு எல்லையில் இரண்டு வரிசை சவுக்கு வையுங்கள். பனை இருக்கும் இடத்தில் ஒன்றைக்கூட வெட்டாதீர்கள்.

தென்னை உங்களுக்குப் பொருத்தமான மரம். உப்பிலுள்ள குளோரைடு அதற்குத் தேவையான சத்தும்கூட. ஆனால் கன்றுப் பருவத்தில் முதல் மூன்று ஆண்டுகள் நல்ல நீர் கொடுங்கள். வட்டப்பாத்தியின் மேல் தேங்காய் மட்டையைக் குப்புறக் கவிழ்த்துப் பரப்புங்கள். குழிக்குள் புதைப்பதானால் குழிந்த பக்கம் மேலே பார்த்திருக்க வேண்டும், அப்போதுதான் நீரைத் தாங்கிக்கொள்ளும். கரையில் ஒதுங்கும் கடல் பாசியை உரமாக்க விரும்பினால், ஒரு மழைக்காலம் முழுவதும் குவியலாகத் தோட்டத்துக்கு வெளியே நனையவிட்டு, உப்புப் போன பிறகே உள்ளே கொண்டுவாருங்கள். மீன் கழிவும் வெல்லமும் சம எடையில் ஊறவைத்த மீன் அமிலத்தை லிட்டருக்கு 5 மில்லி வீதம் கலந்து தூரில் ஊற்றலாம். உங்கள் ஊரில் மீன் கழிவுக்குப் பஞ்சமில்லை.

கோழிகளின் கழிச்சலுக்கு 5.8 ஈ.சி. நீரே காரணமாக இருக்க வாய்ப்பு அதிகம். அதில் லிட்டருக்கு ஏறத்தாழ 3.7 கிராம் உப்பு கரைந்திருக்கிறது, கோழிக்கு 3 கிராமுக்கு மேல் போனாலே எச்சம் இளகும். ஒரு வாரம் உப்பில்லாத குடிநீரை மட்டும் வையுங்கள். எச்சம் பச்சையாகவோ இரத்தம் கலந்தோ இருந்தாலும், கோழிகள் தலை சாய்த்து நின்றாலும் காத்திருக்காமல் கால்நடை மருத்துவரிடம் காட்டுங்கள், வெள்ளைக்கழிச்சல் போன்ற தொற்றுநோயாக இருக்கலாம்.

கறவை மாடு வேண்டாம் என்பதே என் உறுதியான கருத்து. ஒரு மாட்டுக்கு நாளொன்றுக்கு 25 கிலோ பசுந்தீவனமும் 60 லிட்டருக்குக் குறையாத குடிநீரும் வேண்டும். உங்கள் கிணற்றை மீண்டும் உப்பாக்கும் வழி அது. பாலையும் அரிசியையும் வெளியில் வாங்கிக்கொள்வதில் தாழ்வு ஒன்றுமில்லை. ஆடு இந்தக் கரைக்கு ஏற்றது. இந்தப் பக்கத்து இனமான கொடி ஆட்டுக் கிடா ஒன்று கிடைத்தால் சேர்த்துக்கொள்ளுங்கள். வேலி ஓரம் அகத்தி நட்டால் ஆட்டுக்கும் ஆகும், உங்கள் சமையலுக்கும் ஆகும். சீமைக் கருவேலங்காய் இலவசமாகக் கிடைக்கிறதே என்று அப்படியே போட்டுவிடாதீர்கள். விதை செரிக்காமல் புழுக்கையோடு வந்து தோட்டமெங்கும் முளைக்கும். காயவைத்து இடித்து, மொத்தத் தீவனத்தில் நான்கில் ஒரு பங்குக்கு மிகாமல் கலந்து கொடுங்கள்.

ராமநாதபுரத்தில் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் கடலோர உவர் ஆராய்ச்சி மையம் இருக்கிறது. மண்ணையும் நீரையும் அங்கே ஒருமுறை காட்டிவிடுங்கள். தை மாதம் பிறந்ததும் திறந்த கிணற்றின் மேல்நீர், அடிநீர் இரண்டின் ஈ.சி. அளவையும் எழுதி அனுப்புங்கள். மேல்நீர் 1.5-க்குக் கீழே வந்திருந்தால் காய்கறியை ஐந்து சென்டுக்கு விரிவாக்கலாம். வரவில்லையென்றால் இன்னோர் ஆண்டு மூன்று சென்டோடு நிறுத்திக்கொண்டு, தென்னைக்கும் ஆட்டுக்கும் உழைப்பைக் கொடுங்கள்.