பத்தாயத்தில் ஒட்டிய போஸ்டர்

அன்புள்ள ஐயா,
எம்.ஜி.ஆரைச் சுட்ட பிறகு எம்.ஆர்.ராதாவின் திரைவாழ்க்கை முடிந்துபோனதா? நடிகர் நடிப்போடு நின்றிருக்கலாம், அவருக்கு அரசியல் எதற்கு என்று தோன்றுகிறது. நானும் அவர் குரலில் மிமிக்ரி செய்வேன்.
(ஒரு வாசகர், மயிலாடுதுறை)

அன்புள்ள தம்பி,

விடுதலையாகி வந்து நடித்தார். பழைய இடம் கிடைக்கவில்லை. நெருக்கடி நிலையின்போது மிசா என்ற தடுப்புக்காவல் சட்டத்தில் மறுபடி உள்ளே போனார். 1979 செப்டம்பர் 17 அன்று திருச்சியில் காலமானார். அவர் தலைவராகக் கொண்ட பெரியார் பிறந்து சரியாக நூறு வருஷம். உங்கள் கேள்விக்கு இது போதும்.

ஆனால் 'அரசியல் எதற்கு' என்று எழுத எப்படி மனசு வந்தது? 1954-ல் சென்னை மாநிலத்தில் நாடகங்களுக்குக் கடிவாளம் போட ஒரு சட்டமே கொண்டுவந்தார்கள். ராமாயணத்தை விமர்சித்த அவருடைய நாடகம் கிளப்பிய புயல்தான் காரணம். 'ரத்தக் கண்ணீர்' படம் வந்ததும் அதே வருஷம். விவசாயி உழவோடு நிற்கட்டும், மேட்டூர் தண்ணீரைப் பற்றி அவனுக்கென்ன பேச்சு என்று எங்கள் ஊர் டீக்கடையில் ஒருமுறை சொல்லிப் பாருங்கள்.

நீடாமங்கலம் பக்கம் எங்கள் ஊர். 1967 ஜனவரி 12-ல் ராமாவரத்தில் எம்.ஜி.ஆர். வீட்டில் துப்பாக்கி வெடித்தது. இரண்டு நாளில் பொங்கல். வீட்டில் பானை வைக்கக்கூடாது என்றார் பெரியப்பா. பெரியம்மா அடுப்பைப் பற்ற வைத்துவிட்டு, "அவர் பொழச்சுக்குவார், நீங்க போயி மாட்டைக் குளிப்பாட்டுங்க" என்றார். அடுத்த மாதத் தேர்தலுக்குக் கழுத்துக் கட்டோடு எம்.ஜி.ஆர். படம் போட்ட போஸ்டர் வந்ததே, அதைப் பத்தாயத்தில் ஒட்டினார் பெரியப்பா. நெல் எடுக்கும்போதெல்லாம் அந்தக் கட்டைத்தான் பார்க்க வேண்டும். அதன்பிறகு ராதா பெயரை அவர் சொன்னதே இல்லை. 'அந்தப் பாவி'தான்.

மிமிக்ரி என்றீர்கள். தயவுசெய்து நிறுத்துங்கள். நீங்கள் எல்லோரும் கரகரப்பை மட்டும் எடுத்துக்கொள்கிறீர்கள். ஒரே வாக்கியத்தில் கீச்சுக்குரலில் ஏறி, அடித்தொண்டைக்கு விழுந்து, நடுவில் சும்மா நிற்பாரே, அந்த நிற்பை யார் செய்கிறீர்கள்? எதிரே கூட்டத்தில் ஒருவன் கத்துவான், கல்லும் வரும் என்று தெரிந்து மேடையில் பேசிப் பேசிப் பழகிய நிற்பு அது. திருவாரூர் தங்கராசு எழுதிய வசனத்தை ஊர் ஊராகக் கொட்டகை போட்டு நடித்த மனிதர். கேமரா முன்னால் வந்தபோதும் கடைசி வரிசைக்காரனுக்குத்தான் பேசினார். உங்களுக்கு எதிரே கைதட்ட வந்தவர்கள் மட்டும்தானே இருக்கிறார்கள்?

எண்பதுகளின் தொடக்கத்தில் என் தங்கை மகளுக்குக் காதுகுத்து. பெரியப்பாவின் தலைவர் முதலமைச்சர். பந்தி நடக்கும்போது மைக்செட் பையன் 'ரத்தக் கண்ணீர்' கதை வசனக் கேசட்டைப் போட்டுவிட்டான். சாம்பார் வாளியோடு வந்த பெரியப்பா, ராதா காந்தாவைக் கூப்பிடும் இடத்தில் அப்படியே நின்றுவிட்டார். கரண்டி வாளிக்குள். இலையில் உட்கார்ந்தவர்கள் சாம்பார், சாம்பார் என்கிறார்கள்.

அப்புறம் சுதாரித்துக்கொண்டு மைக்செட்டுக்குப் போனார். "டேய், தலைவர் பாட்டு போடுடா."

"இன்னும் ஒரு பக்கம் இருக்குங்கய்யா."

பெரியப்பா வாளியைக் கை மாற்றிக்கொண்டார். "சரி, அது முடியட்டும்."