ஆபீஸ் கம்ப்யூட்டர்களில் இன்வென்ட்டரி ஏஜென்ட்: உங்கள் கேள்விகள், என் பதில்கள்

போன வாரம் ஒரு ஜவுளி ஏற்றுமதி அலுவலகத்தில் ஜிஎல்பிஐ (ஆபீஸ் கம்ப்யூட்டர்களின் விவரத்தைச் சேகரித்துப் பட்டியல் வைக்கும் மென்பொருள்) போட்டு முடித்ததைப் பற்றி நாலு வரி எழுதினேன், அதற்கு இத்தனை கேள்வி வரும் என்று நினைக்கவில்லை. ஒவ்வொரு கம்ப்யூட்டரிலும் உட்கார்ந்து அதன் விவரத்தைச் சர்வருக்கு அனுப்பும் சின்ன நிரல்தான் ஏஜென்ட். சின்ன, நடுத்தர அலுவலகங்களுக்கு நெட்வொர்க் பார்த்துக்கொடுப்பதுதான் என் பிழைப்பு, அந்த அனுபவத்தில் தெரிந்ததை மட்டும் சொல்கிறேன். கேட்டவர்களின் பெயர், கம்பெனி எல்லாவற்றையும் எடுத்துவிட்டேன்.

கேள்வி: அண்ணா, எங்கள் ஆபீஸில் 30 சொச்சம் கம்ப்யூட்டர். எக்செல்லில் பட்டியல் இருக்கிறது. இதற்கு மேல் ஒரு மென்பொருள் எதற்கு என்று முதலாளி கேட்கிறார்.

அந்த "30 சொச்சம்" என்பதுதான் தம்பி பதிலே. சரியான எண்ணிக்கை உங்களுக்கே தெரியவில்லை பாருங்கள். நான் வேலை பார்த்த ஒரு இடத்தில் எக்செல்லில் 31 இருந்தது, ஏஜென்ட் போடப் போனபோது 34 கிடைத்தது. ஒன்று குடோனில் எடைமேடைக்குப் பக்கத்தில், ஒன்று ரிசப்ஷன் மேசைக்கு அடியில் சிசிடிவி பார்ப்பதற்கு, மூன்றாவது முதலாளி வீட்டில். எக்செல் தப்பில்லை, அதை யாரும் திறந்து திருத்துவதில்லை என்பதுதான் சிக்கல். ராம் மாற்றுகிறோம், எஸ்எஸ்டி போடுகிறோம், கம்ப்யூட்டரைப் பர்ச்சேஸிலிருந்து அக்கவுண்ட்ஸுக்குத் தூக்கி வைக்கிறோம், பட்டியல் மட்டும் வாங்கிய நாளிலேயே நிற்கிறது.

முதலாளியிடம் காசுக் கணக்காகச் சொல்ல வேண்டுமென்றால் இதைச் சொல்லுங்கள்: விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவு 2025 அக்டோபர் 14-ஓடு முடிந்துவிட்டது. விண்டோஸ் 11-க்கு டிபிஎம் 2.0 என்ற பாதுகாப்பு வசதி, 4 ஜிபி ராம், 64 ஜிபி டிஸ்க், இன்டெல் என்றால் பெரும்பாலும் எட்டாம் தலைமுறை அல்லது அதற்கு மேல் வேண்டும். எந்தக் கம்ப்யூட்டர் தாங்கும், எதைத் தூக்கிப்போட வேண்டும் என்பதை ஒவ்வொரு சீட்டாகப் போய்ப் பார்க்கப் போகிறீர்களா, ஒரே திரையில் வடிகட்டிப் பார்க்கப் போகிறீர்களா?

கேள்வி: எது நல்லது? ஜிஎல்பிஐ, ஓசிஎஸ், லான்ஸ்வீப்பர், ஸ்னைப் ஐடி என்று ஆளாளுக்கு ஒன்று சொல்கிறார்கள்.

ஸ்னைப் ஐடியை இந்த வரிசையில் சேர்க்காதீர்கள். அது நாம் கையால் பதிந்து, யாரிடம் எது இருக்கிறது என்று கண்காணிக்கும் பதிவேடு, தானாகப் போய் கம்ப்யூட்டருக்குள் பார்க்காது. லான்ஸ்வீப்பர் நன்றாக இருக்கும், ஆனால் ஓர் அளவுக்கு மேல் போனால் காசு. ஓசிஎஸ், ஜிஎல்பிஐ இரண்டும் திறமூலம், இரண்டும் பிரான்ஸில் பிறந்தவை. ரொம்ப நாள் ஓசிஎஸ்ஸில் தகவல் சேகரித்து ஜிஎல்பிஐக்குள் இறக்குவதுதான் வழக்கமாக இருந்தது, அப்புறம் ஃபியூஷன் இன்வென்ட்டரி என்ற பிளகின் (ஜிஎல்பிஐயோடு ஒட்டும் கூடுதல் நிரல்) வந்தது. 2022-இல் வந்த ஜிஎல்பிஐ 10-இலிருந்து இன்வென்ட்டரி அதற்குள்ளேயே இருக்கிறது, ஏஜென்ட்டும் அவர்களுடையதே. அதனால் யூடியூபில் பிளகினை இறக்கச் சொல்லும் பழைய வீடியோவைப் பார்த்தால் பாதியிலேயே மூடிவிடுங்கள், ஒரு நாள் மிச்சம். புதிதாக ஆரம்பிப்பவருக்கு என் ஓட்டு ஜிஎல்பிஐக்கு. கீழே சொல்வதெல்லாம் அதை வைத்துத்தான்.

கேள்வி: சார், ஏஜென்ட் இல்லாமலேயே நெட்வொர்க்கை ஸ்கேன் செய்து எடுக்க முடியாதா? ஒவ்வொரு கம்ப்யூட்டரிலும் எதையாவது நிறுவுவது எனக்குப் பிடிக்கவில்லை.

முடியும், நானும் அப்படித்தான் ஆரம்பித்தேன், பட்டுத் திருந்தினேன். விண்டோஸை வெளியிலிருந்து கேட்க வேண்டுமென்றால் டபிள்யூஎம்ஐ (கம்ப்யூட்டரின் விவரத்தைக் கேட்டு வாங்க விண்டோஸிலேயே இருக்கும் வசதி) வழியாகப் போக வேண்டும். அதற்கு 135-ஆம் போர்ட்டும் (போர்ட் என்றால் நெட்வொர்க்குக்கான கதவு எண்), கூடவே 49152 முதல் 65535 வரை எதுவோ அதுவும் திறந்திருக்க வேண்டும், அதாவது எல்லாக் கம்ப்யூட்டரின் ஃபயர்வாலிலும் கைவைக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் பொருந்தும் ஓர் அட்மின் பாஸ்வேர்டை ஸ்கேன் செய்யும் சர்வரில் சேமிக்க வேண்டும், அந்த சர்வர் போனால் ஆபீஸே போச்சு. டொமைன் (எல்லாக் கம்ப்யூட்டரையும் ஒரே சர்வரிலிருந்து நிர்வகிக்கும் அமைப்பு) இல்லாத இடத்தில் இன்னும் மோசம்: பாஸ்வேர்ட் சரியாக இருந்தாலும், லோக்கல் அட்மின் கணக்கில் நெட்வொர்க் வழியாக வருபவருக்கு விண்டோஸின் யுஏசி என்ற பாதுகாப்பு முழு அதிகாரம் தராது, "அனுமதி இல்லை" என்றே வரும். அதற்கு ரெஜிஸ்ட்ரியில் (விண்டோஸ் தன் அமைப்புகளைச் சேமித்து வைக்கும் இடம்) ஒரு மாற்றம் செய்ய வேண்டும், அதைச் செய்ய எல்லாக் கம்ப்யூட்டருக்கும் போக வேண்டும். அப்படிப் போவதென்றால் ஏஜென்ட்டையே போட்டுவிட்டு வரலாமே!

ஏஜென்ட் உள்ளிருந்து வெளியே பேசுகிறது. சர்வரின் 443-ஆம் போர்ட்டை எட்டினால் போதும், கம்ப்யூட்டரில் எந்தக் கதவையும் திறக்க வேண்டியதில்லை. ஸ்கேன் செய்யும் நேரத்தில் சேல்ஸ்காரரின் லேப்டாப் சேலத்தில் இருந்தால் ஸ்கேனுக்குக் கிடைக்காது, ஏஜென்ட் என்றால் அவர் ஆபீஸுக்கு வந்ததும் தானே அனுப்பிவிடும்.

கேள்வி: 60 கம்ப்யூட்டரிலும் ஒவ்வொன்றாகப் போய் நெக்ஸ்ட், நெக்ஸ்ட் என்று அழுத்த வேண்டுமா?

டொமைன் இருந்தால் வேண்டாம். எம்எஸ்ஐ கோப்பை (ஏஜென்ட்டை நிறுவும் கோப்பு) ஒரு ஷேர் ஃபோல்டரில் வைத்து குரூப் பாலிசியில் (டொமைன் கம்ப்யூட்டர்களுக்கெல்லாம் ஒரே இடத்திலிருந்து அமைப்பு கொடுக்கும் வசதி) கம்ப்யூட்டர் பகுதியின் கீழ் சேருங்கள். இங்கே மூன்று இடத்தில் எல்லோரும் தடுக்கி விழுவார்கள். ஃபோல்டருக்குப் படிக்கும் அனுமதி பயனர்களுக்கு இருந்தால் போதாது, டொமைன் கம்ப்யூட்டர்ஸ் குழுவுக்கு வேண்டும், ஏனென்றால் நிறுவுவது ஆள் இல்லை, கம்ப்யூட்டர். பாதையை இசட் டிரைவ் என்று கொடுக்கக் கூடாது, இரண்டு சாய்கோடு போட்டு சர்வர் பெயரில் ஆரம்பிக்கும் முழுப் பாதையாக இருக்க வேண்டும்.

மூன்றாவதில் நான் இரண்டு நாள் மண்டையை உடைத்துக்கொண்டேன். இந்த நிறுவல் கம்ப்யூட்டர் முழுதாகப் புதிதாகத் துவங்கும்போதுதான் நடக்கும். ஃபாஸ்ட் ஸ்டார்ட்அப் என்ற விண்டோஸ் வசதி இருந்தால், சாயங்காலம் ஷட்டவுன் செய்து காலையில் போடுவது முழுத் துவக்கம் ஆகாது, பாதித் தூக்கத்திலிருந்து எழுப்புகிற மாதிரிதான். எல்லோரும் தினமும் ஒழுங்காக ஷட்டவுன் செய்தும் ஏஜென்ட் வரவில்லை. "ஷட்டவுன் வேண்டாம், ஒரு தடவை ரீஸ்டார்ட் கொடுங்கள்" என்று வாட்ஸ்அப் குரூப்பில் போட்டதும் மதியத்துக்குள் முக்கால்வாசி வந்துவிட்டது.

டொமைன் இல்லையென்றால் பென் டிரைவும் ஒரு பேட்ச் கோப்பும் (கட்டளைகளை வரிசையாக எழுதி வைத்த கோப்பு) தான் வழி. சர்வர் முகவரி, டேக் (கம்ப்யூட்டருக்கு நாம் ஒட்டும் அடையாளச் சொல்), நிறுவியதும் உடனே ஒருமுறை ஓடு என்ற மூன்றையும் நிறுவும் கட்டளையிலேயே கொடுத்துவிடலாம், ஒரு பொத்தானும் அழுத்த வேண்டாம். டேக்கில் பிரிவின் பெயரைப் போட்டுவிடுங்கள், பின்னால் ரொம்ப உதவும். எப்படியும் சீட் சீட்டாகப் போகிறோம் என்பதால் இந்த வழியில் எனக்கு வருத்தமே இல்லை. யார் எங்கே உட்கார்கிறார், எந்த யுபிஎஸ் கத்துகிறது என்பதெல்லாம் நடந்தால்தான் தெரியும்.

கேள்வி: ஏஜென்ட் போட்டாச்சு அண்ணே, சர்விஸும் ஓடுகிறது. சர்வரில் ஒன்றுமே வரவில்லை.

முதலில் சர்வரில் பாருங்கள். ஜிஎல்பிஐயில் அட்மினிஸ்ட்ரேஷன் மெனுவில் இன்வென்ட்டரி என்று இருக்கும், அதற்குள் இன்வென்ட்டரியை இயக்கும் கட்டத்தில் டிக் இருக்காது. புதிதாக நிறுவினால் அது அணைந்தேதான் வரும். பாதிப் பேரின் பிரச்சினை இதோடு தீர்ந்துவிடும்.

டிக் இருந்தும் வரவில்லையென்றால் அந்தக் கம்ப்யூட்டரிலேயே பிரவுசரைத் திறந்து லோக்கல்ஹோஸ்ட், 62354-ஆம் போர்ட் என்று அடியுங்கள். ஏஜென்ட்டின் குட்டிப் பக்கம் வரும், அதில் உடனே இன்வென்ட்டரி அனுப்பச் சொல்லும் இணைப்பு இருக்கிறது. அழுத்திவிட்டு லாக் கோப்பைப் பாருங்கள். சர்வரின் பாதுகாப்புச் சான்றிதழ் பற்றிப் புலம்பினால், நீங்களே உருவாக்கிய சான்றிதழை ஏஜென்ட் நம்பவில்லை என்று அர்த்தம். சான்றிதழ் சோதனையை அணைக்கச் சொல்வார்கள், கேட்காதீர்கள், அந்தச் சான்றிதழை ஏஜென்ட்டுக்கு அறிமுகப்படுத்துங்கள். ஒரே ஒரு கம்ப்யூட்டரில் மட்டும் இந்தப் பிழை வந்தால் அதன் தேதியைப் பாருங்கள். மதர்போர்டில் இருக்கும் காசு மாதிரியான பேட்டரி செத்துப்போய், கடிகாரம் பல வருடம் பின்னால் போயிருக்கும், சான்றிதழ் இன்னும் பிறக்கவே இல்லை என்று கம்ப்யூட்டர் நினைத்துக்கொண்டிருக்கும்.

கேள்வி: 20 அசெம்பிள்ட் கம்ப்யூட்டரில் போட்டேன், பட்டியலில் 13-தான் இருக்கிறது. ஒரே வரியில் பெயர் மாறி மாறி வருகிறது. பேய் ஓட்ட வேண்டுமா?

இது நம் ஊர்ப் பேய்தான், கடையில் அசெம்பிள் செய்து வாங்கும் இடங்களில் எல்லாம் உண்டு. மென்பொருள் ஒரு கம்ப்யூட்டரை அடையாளம் காண முதலில் பார்ப்பது பயாஸில் (மதர்போர்டிலேயே இருக்கும் அடிப்படை மென்பொருள்) இருக்கும் சீரியல் எண்ணையும் யுயுஐடி என்ற நீளமான அடையாள எண்ணையும். டெல், எச்பி என்றால் ஒவ்வொன்றிலும் தனி எண் இருக்கும். தனியாக விற்கும் மதர்போர்டுகளில் பல சமயம் அந்த இடத்தில் "டு பி ஃபில்ட் பை ஓஇஎம்" என்றோ "டீஃபால்ட் ஸ்ட்ரிங்" என்றோ இருக்கும், தயாரிப்பவர் நிரப்பிக்கொள்ளட்டும் என்று விட்டது, கடைக்காரர் எங்கே நிரப்பப் போகிறார்? யுயுஐடியும் சில போர்டுகளில் 03000200-0400-0500-0006-000700080009 என்றே வரும். கண்ணால் பார்த்தாலே தெரியும், வரிசையாகக் கையால் அடித்த எண். ஏழெட்டுக் கம்ப்யூட்டருக்கு ஒரே எண் என்றால் மென்பொருள் எல்லாவற்றையும் ஒன்றாக நினைத்து ஒன்றின் மேல் ஒன்றை எழுதும்.

இதற்குத்தான் ஜிஎல்பிஐயில் பிளாக்லிஸ்ட் (கணக்கில் எடுக்கக் கூடாத எண்களின் பட்டியல்) இருக்கிறது. தெரிந்த போலி எண்கள் சில அதில் முன்பே இருக்கும், உங்களிடம் வருவதையும் சேருங்கள், அப்புறம் மேக் முகவரி (நெட்வொர்க் கார்டின் அடையாள எண்), பெயர் என்று அடுத்ததைப் பார்த்துப் பிரித்துவிடும். லேப்டாப்புக்கு யுஎஸ்பியில் மாட்டும் லேன் அடாப்டரைப் பொதுவில் வைத்து மாற்றி மாற்றிச் செருகும் பழக்கம் இருந்தால் அந்த மேக் முகவரியையும் அதில் போடுங்கள், இல்லையென்றால் அடாப்டர் போகிற இடமெல்லாம் குழப்பமும் போகும்.

ஒரு கம்ப்யூட்டரைத் தயார் செய்து அதன் இமேஜை (டிஸ்க்கின் முழு நகலை) மற்றதற்கு ஊற்றினீர்களா? ஏஜென்ட் முதல்முறை ஓடும்போது பெயரும் தேதியும் நேரமும் சேர்த்துத் தனக்கு ஓர் அடையாளம் எழுதி வைத்துக்கொள்ளும். இமேஜோடு அதுவும் நகலாகிவிடும். இமேஜ் எடுத்த பிறகு ஏஜென்ட்டைப் போடுங்கள்.

கேள்வி: டாலி ஓடும் கம்ப்யூட்டர் ஸ்லோ ஆகுமா?

ஆகாது. வழக்கமாக நாளுக்கு ஒரு முறை சில நொடிகள் ஓடும், அவ்வளவுதான்.

கேள்வி: ஏஜென்ட்டுக்குப் பதிலாக நானே பவர்ஷெல்லில் (விண்டோஸின் கட்டளை மொழி) ஒரு ஸ்கிரிப்ட் எழுதிவிட்டேன். வின்32 ப்ராடக்ட் என்று கேட்டால் மென்பொருள் பட்டியல் வருகிறது. ஆனால் ரொம்ப நேரம் எடுக்கிறது, சில கம்ப்யூட்டரில் இன்ஸ்டாலர் வேறு ஓடுகிறது.

உடனே நிறுத்துங்கள். அதைக் கேட்டால் விண்டோஸ் பட்டியல் மட்டும் தராது, எம்எஸ்ஐ வழியாக நிறுவிய ஒவ்வொன்றையும் சரிபார்க்க ஆரம்பிக்கும், குறை இருந்தால் பழுதும் பார்க்கும். ஈவென்ட் வியூவரில் 1035 என்று வரிசையாக விழுந்திருக்கும் பாருங்கள். ரெஜிஸ்ட்ரியில் அன்இன்ஸ்டால் கிளையைப் படியுங்கள், 32 பிட் மென்பொருளுக்குத் தனிக் கிளை உண்டு, அதையும் சேர்த்து. பயனர் தன் கணக்கில் மட்டும் நிறுவிக்கொண்டது இரண்டிலும் வராது. ஜிஎல்பிஐ ஏஜென்ட்டிலும் அப்படித்தான், பயனர் ப்ரொஃபைல்களையும் பார்க்கச் சொல்லும் அமைப்பை நாம்தான் போட வேண்டும்.

கேள்வி: நான் அக்கவுண்ட்ஸில் இருக்கிறேன் சார், ஐடி ஆள் இல்லை. எங்கள் எல்லோர் கம்ப்யூட்டரிலும் இதைப் போட்டுவிட்டார்கள். நாங்கள் என்ன பார்க்கிறோம், என்ன டைப் செய்கிறோம் என்பதெல்லாம் தெரியுமா?

நியாயமான கேள்வி மேடம், போடுவதற்கு முன்பே உங்களுக்குச் சொல்லியிருக்க வேண்டும். இன்வென்ட்டரி ஏஜென்ட் எடுப்பது: கம்ப்யூட்டர் பெயர், சீரியல், ராம், டிஸ்க், நெட்வொர்க் விவரம், நிறுவிய மென்பொருள்கள், கடைசியாக லாகின் செய்தவர் பெயர். எந்த இணையதளம் பார்த்தீர்கள், என்ன டைப் செய்தீர்கள், திரையில் என்ன ஓடுகிறது என்பதெல்லாம் அதில் இல்லை. ஆனால் கேம் நிறுவியிருந்தால் பெயர் வரும், அதை மறைக்க மாட்டேன். வேவு பார்க்கும் மென்பொருள் தனி ரகம், உங்கள் ஆபீஸில் அதையும் சேர்த்துப் போட்டார்களா என்று இங்கிருந்து எனக்குத் தெரியாது. ஐடி ஆளிடம் "என் கம்ப்யூட்டரின் பக்கத்தைத் திறந்து காட்டுங்கள்" என்று கேளுங்கள். நான் போடும் இடத்தில் முதல் நாளே ஒருவரைக் கூப்பிட்டு அவர் கம்ப்யூட்டரின் பக்கத்தைக் காட்டிவிடுவேன், அதற்கப்புறம் ஒருவரும் முறைப்பதில்லை.

கேள்வி: பிரிண்டர், ஸ்விட்ச் எல்லாம் வருமா?

வரும், எஸ்என்எம்பி (நெட்வொர்க் கருவிகளிடம் விவரம் கேட்கும் முறை) வழியாக, யுடிபி 161-ஆம் போர்ட்டில். எல்லாக் கம்ப்யூட்டரும் இதைச் செய்ய வேண்டாம், எப்போதும் ஓடும் ஒரே ஒரு ஏஜென்ட்டிடம் வேலையைக் கொடுங்கள். பிரிண்டரின் பக்கக் கணக்கும் டோனர் அளவும் கிடைக்கும். ஸ்விட்சில் எஸ்என்எம்பிக்குப் பாஸ்வேர்ட் மாதிரி இருக்கும் "பப்ளிக்" என்ற ஆரம்பச் சொல்லை அப்படியே விடாதீர்கள், எஸ்என்எம்பி வெர்ஷன் 3 தாங்கும் கருவியென்றால் அதற்கே போய்விடுங்கள்.

கேள்வி: வெளியூர் கிளைகளுக்காக ஜிஎல்பிஐ சர்வரை நேராக இன்டர்நெட்டில் வைக்கலாமா?

வேண்டாம், விபிஎன் (இன்டர்நெட்டுக்குள் போகும் பாதுகாப்பான தனிப் பாதை) வழியாகக் கொண்டுவாருங்கள். நிறுவியதும் நான்கு கணக்குகள் அவற்றின் பெயரையே ஒட்டிய பாஸ்வேர்டோடு வரும், நான்கையும் மாற்றாமல் விட்ட சர்வரை நான் பார்த்திருக்கிறேன். 2022-இல் உள்ளே கூடவந்த ஒரு சோதனைக் கோப்பு வழியாக வெளியாள் கட்டளை ஓட்ட முடிந்தது, 10.0.3-இல்தான் அடைத்தார்கள். எந்தக் கம்ப்யூட்டரில் எந்தப் பழைய மென்பொருள் என்ற முழுப் பட்டியலும் அங்கே இருக்கிறது என்பதை யோசித்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: கடைசியாக ஒன்று, மென்பொருள்தான் எல்லாம் எடுக்கிறதே, இன்னும் கேபினட்டில் ஸ்டிக்கர் ஒட்டணுமா?

ஒட்டுங்கள். திரையில் இருக்கும் வரியும் மேசையில் இருக்கும் பெட்டியும் ஒன்றுதான் என்று சொல்ல வேறு வழியில்லை, அணைந்து கிடக்கும் கம்ப்யூட்டர் ஏஜென்ட் வழியாகப் பேசாது. 30 நாளாகத் தகவல் அனுப்பாதவை என்று மாதம் ஒருமுறை வடிகட்டி, அந்தப் பெயர்களோடு ஆபீஸைச் சுற்றி வருவேன். ஒட்டும் இடம் மட்டும் கேபினட்டின் பின்பக்கம் மேலே. முன்னால் ஒட்டினால் ஆயுத பூஜைக்குச் சந்தனமும் குங்குமமும் சரியாக அந்த எண் மேல்தான் வைப்பார்கள், அடுத்த வருடம் வரை படிக்க முடியாது.