உடம்படுபுரதம் – ஒரு கடிதம்

அன்புள்ள ஐயா,

நான் உயிர்வேதியியல் முதுகலை மாணவி. வைரஸ்கள் செல்லுக்குள் நுழையும் விதம் பற்றித் தமிழில் ஒரு கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். அதில் ‘ஃபியூசோஜென்’ என்ற சொல் அடிக்கடி வருகிறது. ‘சவ்வுகளை இணைக்கும் புரதம்’ என்று ஒரு நூல் விளக்குகிறது. இன்னொரு நூல் பாலிஎத்திலீன் கிளைக்கால் என்ற வேதிப்பொருளையும் ஃபியூசோஜென் என்கிறது. அது புரதமே அல்ல. எது சரி? செல்லுக்குள் இருக்கும் நுண்பைகளின் சவ்வுகளை இணைக்கும் ஸ்னேர் புரதங்களையும் அப்படி அழைக்கலாமா? இப்போதைக்கு ‘ஒட்டுப்புரதம்’ என்று எழுதியிருக்கிறேன். தோழி ‘இணைப்பான்’ போதும் என்கிறாள். ‘ஃபியூசோஜென்’ என்பதா, ‘ஃப்யூஸோஜன்’ என்பதா என்றும் குழப்பம். வாசகருக்குப் புரிந்தால் போதாதா, ஒரு சொல்லுக்காக இவ்வளவு மெனக்கெட வேண்டுமா என்றும் தோன்றுகிறது.

வ.

அன்புள்ள வ.,

உங்கள் கடிதம் வந்த அன்று நானும் இதே சொல்லோடுதான் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தேன். வைரஸ்கள் பற்றிய ஒரு மொழிபெயர்ப்பின் கைப்பிரதியைப் பார்த்துத் தரும்படி நண்பர் ஒருவர் அனுப்பியிருந்தார். பத்துப் பக்கத்துக்குள் ‘ஒட்டு’ என்ற ஒரே சொல் மூன்று வெவ்வேறு நிகழ்ச்சிகளுக்கு வந்துவிட்டது. கோபத்தோடு அதை மூடிவைத்த கையோடு உங்கள் ‘ஒட்டுப்புரதம்’ கண்ணில் பட்டது. அந்தக் கோபத்தில் ஒரு பங்கு உங்கள்மேலும் விழும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எழுத்துக்கூட்டலைப் பற்றிக் கவலைப்படாதீர்கள். ஏதாவது ஒன்றை எடுத்துக் கடைசி வரி வரை மாற்றாமல் எழுதுங்கள். அதற்குமேல் அதில் பேச ஒன்றுமில்லை.

புரதமா, வேதிப்பொருளா என்று கேட்கிறீர்கள். இரண்டு நூலும் சரிதான். அந்தச் சொல் பொருளின் பெயர் அல்ல, தொழிலின் பெயர். முன்பாதி லத்தீன்: உருக்கு, ஊற்று என்று பொருள்படும் வேரிலிருந்து வந்தது. பின்பாதி கிரேக்கம்: ஹைட்ரஜனிலும் ஆன்டிஜெனிலும் இருக்கும் அதே ‘உண்டாக்குவது’. ஆக, சவ்வுகள் உருகி ஒன்றாகும்படி செய்வது எதுவோ அது ஃபியூசோஜென். 1950களின் இறுதியில் யோஷியோ ஒக்காடா ஜப்பானில் செல்களை ஒன்றாக்கியது சென்டாய் வைரஸைக் கொண்டு. 1975இல் கோலரும் மில்ஸ்டைனும் ஒரே வகை எதிர்ப்பொருளைச் சுரக்கும் கலப்புச் செல்களை உருவாக்கியதும் அந்த வைரஸைக் கொண்டுதான். பிறகு ஆய்வகங்கள் கையாள எளிதான பாலிஎத்திலீன் கிளைக்காலுக்கு மாறின. அப்போது அந்த வேதிப்பொருளுக்கும் இந்தப் பெயர் வந்தது. இன்று செல்லியலாளர் ஒருவர் அடைமொழி இல்லாமல் ஃபியூசோஜென் என்றால் பெரும்பாலும் புரதத்தையே சொல்கிறார். ஸ்னேர் புரதங்களைச் சிலர் சேர்ப்பார்கள், சிலர் செல்லோடு செல் கலக்கும் இடத்துக்கு மட்டும் சொல்லை ஒதுக்கிவைப்பார்கள். எந்தப் பொருளில் எழுதுகிறீர்கள் என்று கட்டுரையின் தொடக்கத்தில் ஒரு வரி சொல்லிவிட்டால் முடிந்தது.

இனி ஒட்டுப்புரதத்துக்கு வருகிறேன்.

நான் ஆய்வு மாணவனாக இருந்த காலத்தில் எனக்கு வழிகாட்டியாக இருந்த அம்மையார் அதிகம் பேசமாட்டார். என் குறிப்பேட்டில் சிவப்பு மையால் கோடிழுப்பார், அவ்வளவுதான். ஒரு நாள் இருட்டறையில் நுண்ணோக்கியின் முன் என்னை உட்காரவைத்தார். கண்ணாடித் தட்டில் ஒரு செல் வரிசை. அவற்றின் மேற்பரப்பில் இன்ஃபுளுவென்சா வைரஸின் ஹீமக்ளூட்டினின் புரதம் முளைத்திருந்தது. அவற்றின்மேல் சிவப்பணுக்களை விட்டோம். சிவப்பணுவின் சவ்வில் ஒரு சிவப்புச் சாயம், உள்ளே பச்சைச் சாயம். சிவப்பணுக்கள் போய் அமர்ந்தன. கழுவிப் பார்த்தோம், விலகவில்லை. நான் குறிப்பேட்டில் ‘இணைந்தன’ என்று எழுதினேன். அம்மையார் கோடிழுத்தார். “எத்தனை செல்?” என்று கேட்டார். பார்த்தேன். கீழே ஒன்று, மேலே ஒன்று. இரண்டு.

பிறகு அமிலக் கரைசலைச் சேர்த்தோம். ஹீமக்ளூட்டினின் விழித்துக்கொள்ளும் பிஎச் அளவு ஏறத்தாழ 5. சிவப்புச் சாயம் மெல்லக் கீழே இருந்த செல்லின் விளிம்பு நெடுகப் பரவியது. எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. ‘கலந்தன’ என்று எழுதினேன். அவர் ஒன்றும் சொல்லாமல், பச்சைச் சாயம் தெரியும்படி நுண்ணோக்கியின் ஒளி வடிகட்டியை மாற்றினார். பச்சை அப்படியே சிவப்பணுவுக்குள் அடைபட்டிருந்தது. இரண்டாவது கோடு. சவ்வுக்கு இரண்டு அடுக்கு. வெளியடுக்குகள் மட்டும் உருகிச் சேர்ந்திருந்தன. உள்ளடுக்குகள் இன்னும் சுவராக நின்றன. அரைக்கலப்பு. அப்போதும் உள்ளே இரண்டு உலகங்கள்.

காத்திருந்தோம். பக்கத்தில் இருந்த வேறொரு செல்லில் ஒரு பொட்டுப் பச்சை கீழே இறங்கியது. துளை திறந்துவிட்டது. சிறிது நேரத்தில் அந்தச் செல் முழுவதும் பச்சை. மேலே இருந்தது எது, கீழே இருந்தது எது என்று சொல்ல இடமில்லாமல் போயிற்று. “இப்போது எத்தனை?” என்றார். ஒன்று. “எழுது” என்றார்.

அவர் இன்று இல்லை. அந்தக் குறிப்பேடு என்னிடம் இருக்கிறது, இரண்டு கோடுகளோடு.

உங்கள் ‘ஒட்டு’ அந்த முதல் கோட்டிலேயே நின்றுவிடுகிறது, வ. ஒட்டிய பிறகும் இரண்டு இரண்டாகவே இருக்கின்றன. தாளைச் சுவரில் ஒட்டினால் தாள் தாள், சுவர் சுவர். உரித்தால் வந்துவிடும். சவ்வுகள் கலந்தால் உரிக்க எதுவும் இல்லை. இது சொல்லழகுக்காகச் சொல்வது அல்ல. எச்ஐவி வைரஸில் ஒட்டும் வேலை ஜிபி120 புரதத்தினுடையது. கலக்கும் வேலை ஜிபி41 புரதத்தினுடையது. 2003இல் அமெரிக்காவில் ஒப்புதல் பெற்ற என்ஃபுவிர்டைட் என்ற மருந்து வைரஸ் ஒட்டுவதைத் தடுப்பதில்லை. ஒட்டட்டும் என்று விட்டுவிட்டு, ஜிபி41 தன்னை மடக்கிக்கொண்டு இரு சவ்வுகளையும் இழுக்கப் போகும் தருணத்தில் இடையில் புகுந்து அந்த மடிப்பைக் கெடுக்கிறது. இரண்டுக்கும் ஒரே சொல்லை வைத்திருப்பவர் இந்த மருந்தை எப்படி விளக்குவார்? ‘ஒட்டிய பிறகு ஒட்டவிடாமல் தடுக்கும் மருந்து’ என்று எழுதுவாரா? அந்தக் கைப்பிரதியில் ஏறத்தாழ அப்படித்தான் இருந்தது.

இன்னொன்றும் சொல்லவேண்டும். விந்தணுவில் இருக்கும் ஒரு புரதத்துக்கு 2005இல் இசுமோ என்று பெயரிட்டார்கள், திருமணத்துக்குப் பேர்போன ஜப்பானிய ஆலயத்தின் பெயர். முட்டையில் அதற்கு இணையான ஜூனோவை 2014இல் கண்டுபிடித்தார்கள். இரண்டையும் தனித்தனிச் செல்களில் முளைக்கவைத்துச் சேர்த்துப் பார்த்தார்கள். செல்கள் இறுகப் பற்றிக்கொண்டன. கலக்கவில்லை. அன்று ‘ஒட்டு’ என்ற சொல்லோடு திருப்தியடைந்திருந்தால் கருவுறுதலின் புதிர் தீர்ந்தது என்று எழுதிவிட்டுப் போயிருப்பார்கள். ஃபியூசோஜென் என்ற பட்டத்துக்குத் தேர்வு கடுமையானது. இயல்பாகக் கலக்காத செல்லில் அந்தப் புரதத்தை வைத்தால் அந்தச் செல் கலக்கவேண்டும். எலிகன்ஸ் என்னும் நூற்புழுவின் இஎஃப்எஃப்-1 புரதம் பூச்சிச் செல்களில் அதைச் செய்துகாட்டியது. தசையின் மயோமேக்கரும் மயோமெர்ஜரும் சேர்ந்து, தசையே ஆகாத செல்களில் செய்துகாட்டின.

பல ஆண்டுகளுக்கு முன் நான் ஒரு பத்திரிகைக்கு நஞ்சுக்கொடியைப் பற்றி எழுதினேன். ‘சவ்வுகள் கலந்து ஒன்றாகின்றன’ என்ற வரியை, வாசகருக்கு எளிதாக இருக்கட்டும் என்று, ‘செல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்கின்றன’ என மாற்றி அச்சிட்டுவிட்டார்கள். அன்று இரவு நான் தூங்கவில்லை. அந்த ஒரு வரிக்காகத்தான் கட்டுரையையே எழுதியிருந்தேன். கருவுக்கும் தாயின் இரத்தத்துக்கும் நடுவே நிற்கும் திரை, பக்கத்தில் பக்கத்தில் அடுக்கிய செல்களால் ஆனது அல்ல. எண்ணற்ற செல்கள் எல்லையழிந்து, உட்கருக்கள் மட்டும் பலவாக மிதக்க, இடைவெளி இல்லாத ஒரே விரிப்பாகிவிடுகின்றன. இரண்டு செல்களுக்கு நடுவே நுழைந்து போக வழி வேண்டுமென்றால் முதலில் இரண்டு செல்கள் இருக்கவேண்டும் அல்லவா? அதைச் செய்வது சின்சிட்டின் என்ற புரதம். 2000இல்தான் அதை அடையாளம் கண்டார்கள். இரண்டு கோடி ஆண்டுகளுக்கும் முன்பு நம் மூதாதையின் மரபணுவுக்குள் வந்து தங்கிவிட்ட ஒரு ரெட்ரோவைரஸின் உறைப்புரதம் அது. எலிக்கும் சின்சிட்டின்கள் உண்டு, வேறு வைரஸ்களிடமிருந்து தனியாகப் பெற்றவை. அவற்றில் ஒன்றை நீக்கிப் பார்த்தபோது குட்டிகள் கருவிலேயே இறந்தன. வைரஸ் என்ற லத்தீன் சொல்லுக்கு நஞ்சு என்று பொருள். நாம் ஏனோ அந்த உறுப்பை நஞ்சுக்கொடி என்றே அழைத்துவந்திருக்கிறோம். தற்செயல்தான். ஆனாலும் எழுதும்போதெல்லாம் அந்த இடத்தில் என் கை ஒரு கணம் நிற்கிறது. அந்த அதிசயம் முழுவதையும் ‘ஒட்டிக்கொள்கின்றன’ விழுங்கிவிட்டது.

‘இணைப்பான்’ இதைவிட மேல் என்று நினைக்காதீர்கள். இரண்டு கம்பிகளை இணைக்கலாம், இரண்டு பெட்டிகளை இணைக்கலாம், இணைத்த பிறகும் எண்ணிக்கை குறையாது.

சரி, என்ன சொல் வைப்பது? நீங்கள் பள்ளியில் படித்த இலக்கணத்தையே திறந்து பாருங்கள். இரண்டு சொற்கள் எப்படிச் சந்திக்கின்றன என்று நம்மவர்கள் பார்த்த நுட்பத்தோடு செல்லியலாளர்கள் சவ்வுகளைப் பார்க்கிறார்கள். நிலைமொழி, வருமொழி, எது தோன்றுகிறது, எது திரிகிறது, எது கெடுகிறது. அதில் உடம்படுமெய் என்று ஒன்று. இரண்டு உயிர்கள் அடுத்தடுத்து வந்தால் ஒன்றோடொன்று சேராது. ‘மணி’, ‘ஓசை’ இரண்டுக்கும் நடுவே யகரம் வந்தால்தான் ‘மணியோசை’. உடம்படுதல் என்றால் இசைதல். இசையாத இரண்டை இசையவைக்கும் மெய் அது.

சவ்வுகளும் அப்படியே. ஒவ்வொன்றும் தன் மேற்பரப்பில் நீர் மூலக்கூறுகளைப் போர்த்திக்கொண்டிருக்கிறது. இரண்டு சவ்வுகளை மிக அருகில் கொண்டுவந்தால் அந்த நீர்ப்போர்வை விலக மறுத்து எதிர்த்துத் தள்ளுகிறது. அந்த எதிர்ப்பை வெல்லும் விசையைத் தருவதே இந்தப் புரதத்தின் முதல் வேலை. அதனால் நான் உடம்படுபுரதம் என்கிறேன். வேதிப்பொருளையும் சேர்த்துப் பொதுவாகச் சொல்ல உடம்படுத்தி. உங்கள் முதல் கேள்வியின் குழப்பம் இந்த இரண்டு சொற்களில் தானாகப் பிரிந்துவிடுவதைப் பாருங்கள்.

உவமையில் ஓர் இடைவெளி இருக்கிறது, மறைக்க விரும்பவில்லை. யகரம் இரண்டு உயிருக்கும் நடுவே புதிதாக வந்து நிற்கிறது. புரதம் அப்படி அல்ல. ஒரு சவ்விலோ இரண்டிலுமோ முன்பே வேர்கொண்டிருக்கிறது. வைரஸ் புரதம் என்றால் எதிரே உள்ள சவ்வில் தன் நுனியைச் செருகி, இடுப்பில் மடிந்து, இரண்டையும் நெருக்குகிறது. இதைவிடப் பொருத்தமான சொல் உங்களுக்குத் தோன்றினால் என்னுடையதைத் தூக்கிப்போடுங்கள், மகிழ்வேன். ‘புணர்ச்சிப்புரதம்’ என்று வைக்கலாமா என்றும் ஒரு காலத்தில் யோசித்தேன். இலக்கண வகுப்பில் கூச்சமில்லாமல் சொல்லும் சொல்லை அறிவியலில் சொல்லக் கூசுவது நமக்குப் பெருமை அல்ல. ஆனால் கருவுறுதலைப் பற்றி எழுதும் பக்கங்களில் அது உண்மையிலேயே குழப்பும். அதனால் விட்டுவிட்டேன்.

கடைசியாக அந்த ‘மெனக்கெட வேண்டுமா’. இந்த ஒரு வாக்கியத்துக்காக உங்கள்மேல் எனக்கு வருத்தம். மெனக்கெடுவது என்பது வினைகெடுவது, கைவேலையை விட்டுவிட்டு வேறொன்றில் நேரம் போக்குவது. எழுதுகிறவருக்குச் சொல்லைத் தேடுவதைவிட வேறென்ன வினை இருக்கிறது? வாசகருக்குப் புரிந்தால் போதும் என்கிறீர்கள். என்ன புரிந்தால் போதும்? ‘ஒட்டுப்புரதம்’ என்று படித்தவருக்கு ஒன்று புரியத்தான் செய்யும். நடக்காத ஒன்று புரியும். ஆனாலும் இரண்டு நூல்கள் முரண்படுவதைக் கண்டு நிற்காமல், எது சரி என்று கேட்டு எழுதினீர்களே, அந்தக் கேள்விக்காகத்தான் இவ்வளவு உரிமையோடு கோபித்துக்கொள்கிறேன்.

கட்டுரையில் ‘ஒட்டு’ வரும் இடங்களை எல்லாம் வட்டமிடுங்கள். ஒவ்வொன்றின் பக்கத்திலும் ‘எத்தனை?’ என்று எழுதிப் பாருங்கள். இரண்டு என்றால் அப்படியே விடுங்கள், அங்கே ஒட்டு சரியான சொல். ஒன்று என்றால் அடித்துவிட்டு மாற்றுங்கள். அரைக்கலப்பு வரும் இடத்தில் மட்டும் அவசரப்படாமல் அந்தப் பத்தியை எனக்கு அனுப்புங்கள், சேர்ந்து பார்ப்போம்.

அன்புடன்.