வாசகர் கேள்வி பதில்: வெட்டுப்பட்டு விழுவதே தொழில்

கேள்வி: ‘த லாஸ்ட் சாமுராய்’ படத்தில் டாம் குரூஸுக்குக் காவலாக, வாய் திறக்காமல் பின்னாலேயே வரும் முதியவர் யார்? வேறு படங்களில் அவரைப் பார்த்த நினைவே இல்லை.
- வாசகி, ஈசூன்

பதில்: செய்சோ ஃபுகுமோத்தோ. ஜப்பானிய வாள்சண்டைப் படங்கள் பார்ப்பவர் என்றால் நிச்சயம் பார்த்திருப்பீர்கள். முகம் பதியும் முன்பே வெட்டுப்பட்டு விழுந்திருப்பார். 1943இல் பிறந்தவர், 15 வயதில் கியோத்தோவில் உள்ள தோயெய் படப்பிடிப்புத் தளத்தில் சேர்ந்தார். கதாநாயகனிடம் வெட்டு வாங்கும் ‘கிராரெயாக்கு’ நடிகராகவே காலம் ஓடியது. திரையில் ஐம்பதாயிரம் முறை செத்தவர் என்று ஜப்பானில் சொல்வார்கள். நீங்கள் பார்த்த படம் வந்தது 2003இல். அவருக்கு 60 வயது. முதன்மை வேடம் கிடைக்க இன்னும் பதினோர் ஆண்டுகள் ஆயின. அந்த ‘உசுமாசா லைம்லைட்’ படத்துக்காக மொன்ட்ரியலின் ஃபாண்டாசியா விழாவில் சிறந்த நடிகர் விருது பெற்றார். 2021 ஜனவரி 1 அன்று காலமானார்.

கேள்வி: பள்ளி நாடகத்தில் வாள்சண்டை வைத்தோம். வெட்டுப்படும் இடத்தில் எல்லாரும் சிரித்துவிட்டார்கள். எங்கே தவறு?
- மாணவர், தெம்பனிஸ்

பதில்: பெரும்பாலும் விழுபவரிடம்தான். வாள் வரும் முன்பே உடல் வளைந்தால், வெட்டு வரப்போவது தெரிந்தவர்போல ஆகிவிடும். தாமதித்தால் வாள் படவில்லை என்பது அம்பலம். வாள் மார்பைக் கடக்கும் அதே கணத்தில் உடல் அதிர வேண்டும். ஒரு நொடி அப்படியே நின்று, பிறகு விழ வேண்டும்.

விழுபவர் முதலில் வாளைத் தலைக்கு மேல் ஓங்கட்டும். மார்பு திறந்து கிடைக்கும். வெட்டுபவரின் வாள் உடலைத் தொடாமல் முன்னால் கடந்துபோகட்டும். பக்கவாட்டில் நின்றால் இடைவெளி தெரிந்துவிடும்; இருவரில் ஒருவரின் முதுகு பார்வையாளர் பக்கம் இருக்கட்டும். கியோத்தோவிலும் பெரும்பாலும் மூங்கில் மேல் வெள்ளித்தாள் ஒட்டிய வாள்தான். அதற்கு எடையே இல்லை. நிஜ வாள் ஒரு கிலோவுக்கு மேல் இருக்கும். அந்தக் கனத்தை இடுப்பிலும் தோளிலும் காட்டாவிட்டால் குச்சி வீசுவதாகத் தெரியும்.

ஃபுகுமோத்தோவின் முத்திரை, இறால்போலப் பின்னால் வளைந்து, துடித்து விழுவது. குப்புற விழுபவரின் முகம் மறைந்துவிடும். இப்படி விழுந்தால் கடைசிவரை கேமராவுக்குத் தெரியும். அற்புதமான யோசனை! ஆனால் நீங்கள் முயல வேண்டாம், பின்மண்டை தரையில் அடிபடும். முழங்காலை மடக்கி, மோவாயை மார்போடு ஒட்டி, பக்கவாட்டில் சரியுங்கள். ஒத்திகையில் மெத்தை கட்டாயம்.

கேள்வி: இப்படிப்பட்ட நடிகர்கள் இன்னும் உருவாகிறார்களா?
- வாசகர், உட்லண்ட்ஸ்

பதில்: குறைந்துவிட்டார்கள். 1969இல் தொடங்கிய ‘மிதோ கோமோன்’ போன்ற தொலைக்காட்சித் தொடர்கள்தான் இவர்களுக்கு வாராவாரம் வேலை தந்தன. அது 2011இல் நின்றது. எப்போதாவது எடுக்கப்படும் படங்களை நம்பி இந்தக் கலையைப் பழக முடியாது. இங்கு ஜப்பானியத் திரைப்பட விழாவில் பழைய சாமுராய் படம் திரையிட்டால் தவறவிடாதீர்கள். சண்டைக் காட்சியில் நாயகனை விட்டுவிட்டு, அவரைச் சூழ்ந்து நிற்பவர்களின் கால்களையும் தோள்களையும் கவனியுங்கள்.