கடல் உள்வாங்கியதாம்... அப்புறம்?

கடலைப் பற்றி இந்த முறை நிறையக் கடிதங்கள் வந்திருக்கின்றன. நான்கை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

கேள்வி: அமாவாசை, பௌர்ணமி வந்தாலே 'திருச்செந்தூரில் கடல் உள்வாங்கியது, பக்தர்கள் அச்சம்' என்று டிவியில் செய்தி ஓடுகிறது. சுனாமி வரப்போகிறது என்று என் மாமியார் வாட்ஸப்பில் குடும்பம் முழுவதற்கும் அனுப்பிவிடுகிறார். நிஜமாகவே பயப்பட வேண்டுமா? (வாசகி, நாகர்கோவில்)

பதில்: வேண்டாம். அமாவாசையிலும் பௌர்ணமியிலும் சூரியன், பூமி, நிலா மூன்றும் ஏறக்குறைய ஒரே கோட்டில் வருவதால் சூரியனின் இழுப்பும் நிலாவின் இழுப்பும் சேர்ந்துகொள்கின்றன. அதனால் கடல் ஏறும்போது வழக்கத்தைவிட மேலே ஏறும், வற்றும்போது வழக்கத்தைவிடக் கீழே போகும். சில சமயம் இது ஓரிரு நாள் தள்ளியும் உச்சத்துக்கு வரும். திருச்செந்தூரில் பாசி பிடித்த பாறைகள் வெளியே தெரிவதும், கன்னியாகுமரியில் தண்ணீர் போதவில்லை என்று விவேகானந்தர் பாறைக்குப் படகு விடுவதை நிறுத்திவைப்பதும் பெரும்பாலும் இப்படித்தான். கேமராவைத் தூக்கிக்கொண்டு போகிறவர்கள் வற்றிய நேரத்தில் மட்டும் போகிறார்கள். ஆறு மணி நேரம் கழித்து அதே கடல் படிக்கட்டுவரை திரும்பி வருவதை யாரும் படம் எடுப்பதில்லை, அதில் செய்தி இல்லை பாருங்கள்.

மாமியார் பயப்படுவதற்கும் ஒரு காரணம் உண்டு. 2004 டிசம்பர் 26 பௌர்ணமி நாள். அன்றிலிருந்து இரண்டும் நம் மனதில் ஒட்டிக்கொண்டுவிட்டன. பிரித்துப் பார்ப்பது சுலபம். வழக்கமான வற்றத்துக்கு ஆறு மணி நேரம் ஆகும், நின்று பார்த்தால் தண்ணீர் நகர்வதே தெரியாது. நீங்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே சில நிமிடங்களில் கடல் சரசரவென்று பின்வாங்கினால் அது வேறு விஷயம்; தரையில் துள்ளும் மீனைப் பொறுக்கப் போகாமல் மேட்டுக்கு ஓட வேண்டும். சுனாமிக்கு முன் கடல் உள்வாங்கியே தீரும் என்றும் இல்லை. ஆகவே 'உள்வாங்கவில்லையே' என்ற தைரியமும் வேண்டாம். ஹைதராபாத்தில் இருக்கும் இன்காய்ஸ் (மத்திய அரசின் கடல் தகவல் மையம்) விடுக்கும் எச்சரிக்கையைப் பாருங்கள், உறவினர் குழுவை அல்ல.

இன்னொன்று, உங்கள் மாவட்டத்துக்கு என்றே சொல்கிறேன். தெற்கே வெகுதூரத்தில் இந்தியப் பெருங்கடலில் வீசும் புயல்காற்று கிளப்பிவிடும் நெடிய அலைகள், இங்கே வானம் தெளிவாகக் காற்றே இல்லாமல் இருக்கும்போது திடீரென்று வந்து கரையை அறையும். கள்ளக்கடல் என்பார்கள். 2024 மே மாதம் கணபதிபுரம் அருகே கடற்கரையில் பயிற்சி மருத்துவர்கள் ஐந்து பேரைக் கடல் கொண்டுபோனது, எச்சரிக்கை இருந்த நேரத்தில்தான். அமாவாசைக்குப் பயப்படுகிறவர்கள் இதற்குப் பயப்படுவதில்லை, எனக்கு அதுதான் ஆற்றாமை.

கேள்வி: நிலா தண்ணீரை இழுக்கிறது, சரி. அப்படியானால் நிலா இருக்கும் பக்கம் மட்டும்தானே கடல் ஏற வேண்டும்? ஒரு நாளைக்கு ஏன் இரண்டு முறை ஏறுகிறது? அதோடு, நிலாவைவிடச் சூரியன்தானே பூமியைப் பலமாக இழுக்கிறது? (கல்லூரி மாணவர், திருச்சி)

பதில்: இழுப்பு எவ்வளவு என்பது இங்கே கணக்கே இல்லை. பூமியின் ஒரு பக்கத்துக்கும் இன்னொரு பக்கத்துக்கும் அந்த இழுப்பு எவ்வளவு வித்தியாசப்படுகிறது என்பதுதான் கணக்கு. நிலாவை நோக்கியிருக்கும் பக்கம் பூமியின் நடுப்பகுதியைவிடக் கூடுதலாக இழுபடுகிறது. எதிர்ப்பக்கம் நடுப்பகுதியைவிடக் குறைவாக இழுபடுகிறது. முன்பக்கத் தண்ணீர் முந்திக்கொண்டு போகிறது, பின்பக்கத் தண்ணீர் பின்தங்கி நிற்கிறது, ஆக இரண்டு பக்கமும் புடைப்பு. பூமி சுற்றுவதால் நீங்கள் இரண்டையும் கடக்கிறீர்கள். நிலாவும் இதற்குள் கொஞ்சம் நகர்ந்துவிடுவதால் ஒரு சுற்றுக்கு 24 மணி 50 நிமிடம் ஆகிறது. அதனால்தான் இன்று ஏறிய நேரத்துக்கு நாளை ஏறாமல் சுமார் 50 நிமிடம் தள்ளிப்போகிறது.

இப்போது சூரியன். அது பூமியை நிலாவைப்போல் கிட்டத்தட்ட 180 மடங்கு பலமாக இழுக்கிறது, நீங்கள் சொன்னது சரிதான். ஆனால் 15 கோடி கிலோமீட்டர் தள்ளி நிற்பவருக்குப் பூமியின் முன்பக்கமும் பின்பக்கமும் ஒன்றுதான்; இந்த 12,700 கிலோமீட்டர் பெரிய தூரமே இல்லை. 3,84,000 கிலோமீட்டரில் நிற்கும் நிலாவுக்கு அது முப்பதில் ஒரு பங்கு. ஆகவே கடலை ஏற்றி இறக்குவதில் சூரியனின் பங்கு நிலாவின் பங்கில் பாதிக்குச் சற்றுக் குறைவு. அஷ்டமி வாக்கில் இருவரும் செங்குத்தாக நின்று ஒருவர் வேலையை ஒருவர் கெடுப்பதால் ஏற்ற இறக்கம் சுருங்கிவிடுகிறது.

நிலா தண்ணீரை 'மேலே தூக்குகிறது' என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். அந்த விசை புவியீர்ப்பில் ஒரு கோடியில் ஒரு பங்குதான், எதையும் தூக்காது. பக்கவாட்டில் இழுப்பதைத் தடுக்க ஆளில்லாததால் கடல் முழுவதும் கொஞ்சம் கொஞ்சமாக நகர்ந்து ஓரிடத்தில் சேர்கிறது.

கேள்வி: குஜராத்தில் பாவ்நகர் பக்கம் வேலைக்குப் போன என் தம்பி, காலையில் கப்பல் மிதந்த இடத்தில் மதியம் வெறும் சேறுதான் இருக்கிறது என்கிறான். எங்கள் கடலூரில் அப்படி எதையும் பார்த்ததில்லை. இரண்டு ஊருக்கும் நிலா ஒன்றுதானே? (வாசகர், கடலூர்)

பதில்: இந்த வாரத்தின் நல்ல கேள்வி இதுதான். தம்பி கதை அளக்கவில்லை. சென்னைப் பக்கம் அமாவாசையிலும்கூட ஏற்ற இறக்கம் சுமார் ஒரு மீட்டர். பாவ்நகரில் சுமார் 10 மீட்டர், மூன்று மாடி உயரம். பக்கத்திலிருக்கும் அலங்கில் பழைய கப்பல்களை உடைக்கிறார்களே, அந்தத் தொழில் 1983இல் அங்கே தொடங்கியதற்கு இந்த ஏற்றமே ஒரு காரணம். அமாவாசை, பௌர்ணமி ஏற்றத்துக்குக் காத்திருந்து, கப்பலை முழு வேகத்தில் கரையை நோக்கி விடுகிறார்கள். தண்ணீர் வடிந்ததும் அத்தனை பெரிய கப்பல் சேற்றில் நிமிர்ந்து நிற்கும், ஆட்கள் நடந்தே அதன் அடிக்குப் போய்விடலாம்.

பாடப்புத்தகத்தில் பூமியைச் சுற்றி முட்டை வடிவத்தில் தண்ணீர் வரைந்திருப்பார்கள், நானும் மேலே அதையே சொன்னேன். நிஜக் கடலில் அப்படி ஒரு முட்டை கிடையாது. நிலாவுக்குக் கீழேயே அந்தப் புடைப்பு இருக்க வேண்டுமென்றால், பூமத்திய ரேகையில் அது மணிக்கு 1,600 கிலோமீட்டருக்கு மேல் ஓட வேண்டும். நான்கு கிலோமீட்டர் ஆழக் கடலில் அலை போகக்கூடிய வேகமே சுமார் 700தான். நடுவில் கண்டங்கள் வேறு குறுக்கே நிற்கின்றன. இதைக் கணக்குப் போட்டுக் காட்டியவர் 1770களில் பிரெஞ்சுக்காரர் லாப்லாஸ். நியூட்டன் 1687இல் காரணத்தைச் சொன்னார், தண்ணீர் என்ன செய்யும் என்று சொன்னவர் இவர். நிலா தட்டிவிடுகிறது, அவ்வளவுதான். அதன்பின் ஒவ்வொரு கடலும் தன் ஆழத்துக்கும் அகலத்துக்கும் ஏற்றபடி ஆடுகிறது. அண்டா நிறையத் தண்ணீரைத் தூக்கிக்கொண்டு நடக்கும்போது, நம் நடையும் தண்ணீரின் ஆட்டமும் ஒத்துப்போனால் தளும்பிக் கொட்டுமே, அதேதான். கனடாவின் ஃபண்டி வளைகுடாத் தண்ணீர் தானாக ஒருமுறை போய்வர எடுக்கும் நேரம் சுமார் 13 மணி, நிலா தட்டுவதோ 12 மணி 25 நிமிடத்துக்கு ஒருமுறை. கிட்டத்தட்டப் பொருந்திவிட்டதால் அங்கே 16 மீட்டர்வரை ஏறி இறங்குகிறது.

பாவ்நகர் இருக்கும் காம்பே வளைகுடாவுக்கு வெளியே கடலடித் தரை வெகுதூரம் ஆழமில்லாமல் விரிந்து கிடக்கிறது, வளைகுடாவோ உள்ளே போகப் போகப் புனல் மாதிரி குறுகுகிறது. பரந்து வந்த தண்ணீருக்கு மேலே ஏறுவதைத் தவிர வழியில்லை. நம் சோழமண்டலக் கரையில் ஆழம் சீக்கிரமே வந்துவிடுகிறது, ஒடுக்க ஒரு வளைகுடாவும் கிடையாது. மத்தியதரைக் கடலிலும் ஏற்றம் பெரும்பாலும் மிகச் சிறியதுதான். அங்கிருந்து வந்த அலெக்சாந்தரின் ஆட்கள் கி.மு. 325இல் சிந்து முகத்துவாரத்தில் தண்ணீர் வடிந்து கப்பல்கள் தரைதட்டி நின்றதைப் பார்த்து அரண்டுபோனதாகப் பழைய வரலாற்றாசிரியர்கள் எழுதியிருக்கிறார்கள்.

கேள்வி: மனித உடலில் பெரும்பகுதி தண்ணீர்தானே, பௌர்ணமியில் அதுவும் பொங்குமா? (வாசகர், சேலம்)

பதில்: பொங்காது. கடல் ஆடுவது அது ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் பரந்து கிடப்பதால். அமெரிக்காவின் பேரேரிகளிலேயே நிலாவால் வரும் ஏற்றம் 5 சென்டிமீட்டருக்குக் குறைவு. ஆறடி ஆளின் தலைக்கும் காலுக்கும் நடுவே நிலாவின் இழுப்பு எவ்வளவு வித்தியாசப்படும் என்று திருச்சி மாணவரைக் கணக்குப் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள்.