இந்திரலால் ராய் யாருக்காகப் பறந்தான்?

வணக்கம் அண்ணா,

பையன் ஸ்கூல் க்விஸ்சுக்குப் படிச்சிட்டிருந்தான். முதல் உலகப்போர்ல இந்தியாவோட ஃப்ளையிங் ஏஸ் (அஞ்சு எதிரி விமானத்துக்கு மேல வீழ்த்தின விமானி) இந்திரலால் ராய், 13 நாள்ல 10 விமானத்த வீழ்த்தினான்னு ஒரு வரி. எனக்குக் கோவம்தான் வந்துச்சு. வெள்ளைக்காரன் சண்டைக்கு உயிர விட்டவன நம்ம புள்ளைங்க எதுக்கு மனப்பாடம் பண்ணணும்? அப்புறம் இன்னொன்னு, விமானத்தோட மூக்குல சுத்துற காத்தாடி வழியா எப்படி சுட்டாங்க, அது உடையாதானு பையன் கேக்குறான்.

எஸ்., விருதுநகர்

அன்புள்ள எஸ்.,

உங்க கோவம் நியாயம்தான், எனக்கும் ஒரு காலத்துல இருந்துச்சு. ஆனா அந்தப் பையனோட கதைய முழுசா படிச்சதுக்கப்புறம் என்னால அப்படி ஒதுக்க முடியல.

1898 டிசம்பர் 2, கல்கத்தாவுல பொறந்தான், லண்டன்ல செயின்ட் பால்ஸ் ஸ்கூல்ல படிச்சான், சண்டை ஆரம்பிச்சப்ப வயசு 15. அவங்கம்மா லலிதா ராய் பெண்களுக்கு ஓட்டுரிமை கேட்டு 1911ல லண்டன் தெருவுல ஊர்வலம் போனவங்க. துரை சொன்னா சரினு தலையாட்டுற வீடு இல்லைங்க அது.

அப்ப இந்தியனுக்கு ராணுவத்துல ஆபீசர் பதவிங்கறது கிட்டத்தட்ட மூடின கதவு. 1917 ஏப்ரல்ல ஒரே மாசத்துல பிரிட்டிஷ் விமானம் 200க்கு மேல விழுந்துச்சு, 'ரத்த ஏப்ரல்'னே அதுக்குப் பேரு. அதே ஏப்ரல்லதான் இவன் பிரிட்டிஷ் ராணுவத்தோட விமானப் பிரிவான ராயல் ஃப்ளையிங் கார்ப்ஸ்ல சேர்றான். கண்ணு சரியில்லனு முதல்ல திருப்பி அனுப்பிட்டாங்க, தன்னோட மோட்டார் பைக்க வித்து அந்தக் காசுல ஒரு கண் ஸ்பெஷலிஸ்ட்ட காட்டி அந்த முடிவ மாத்த வச்சான்னு சொல்றாங்க. (இதே படையில ஹர்தித் சிங் மாலிக்னு ஒரு சீக்கியர், தலப்பாவ கழட்டவே மாட்டேன்னு அதுக்கு மேலயே பெரிய ஹெல்மெட் மாட்டிப் பறந்தாரு. அவரப் பத்தி தனியாவே எழுதணும்.)

1917 டிசம்பர் 6, 56வது ஸ்குவாட்ரன்ல (விமானப் படைப்பிரிவுல) இருந்தப்ப அவனோட எஸ்.இ.5 விமானம் கீழ விழுந்து நொறுங்கிடுச்சு. செத்துட்டான்னு பிணவறையில போட்டுட்டாங்க, முழிச்சுப் பாத்து கதவத் தட்டினான்னு ஒரு கதை இன்னிக்கும் சொல்லிட்டிருக்காங்க. பறக்கத் தகுதியில்லனு தரையில உக்கார வச்சிட்டாங்க, அந்த மாசங்கள்ல அவன் விமானமா வரைஞ்சு தள்ளினான், அதுல நிறைய படம் இன்னிக்கும் இருக்கு. எனக்கு அவன்ட்ட ரொம்பப் புடிச்சது இந்த இடம்தான். விடாம கேட்டுக் கேட்டு 1918 ஜூன்ல 40வது ஸ்குவாட்ரனுக்கு வந்து சேந்தான், அங்க ஜார்ஜ் மெக்கல்ராய்னு ஒரு கேப்டன் அவன கூடவே கூட்டிட்டுப் போய் சொல்லிக்கொடுத்தாரு. 10 விமானம் நெசம்தான், ஜூலை 6லேருந்து 19 வரைக்கும், அதுல 2 மத்தவங்களோட சேந்து அடிச்சது, 8ஆம் தேதி மட்டும் நாலு மணி நேரத்துக்குள்ள 3.

உங்க பையன் கேட்டதுக்கு வர்றேன். எஞ்சின் சுத்துறதோட சேந்து ஒரு எண்ணெய்க் குழாய் வழியா அழுத்தம் துடிச்சுத் துடிச்சுப் போய் துப்பாக்கியத் தட்டும், காத்தாடியோட இறக்கை குண்டு போற வழியில இல்லாத நேரத்துல மட்டும்தான் குண்டு கிளம்பும். இதுபோக விமானத்தோட மேல் இறக்கையில லூயிஸ்னு இன்னொரு துப்பாக்கி, அது காத்தாடிக்கு மேலயே சுடும். ஆனா அதுல டிரம் (குண்டு இருக்கற வட்டப் பெட்டி) காலியானா துப்பாக்கிய தண்டவாளம் மாதிரி ஒண்ணுல சறுக்கி கீழ இழுத்து, கன்ட்ரோல் ஸ்டிக்க முழங்காலுக்கு நடுவுல இடுக்கிட்டு, மூஞ்சியில அறையற காத்துல வேற டிரம் மாட்டணும். மூடாத காக்பிட், பாராசூட்டும் கிடையாது அவங்களுக்கு, பையன்ட்ட இதையும் சொல்லுங்க.

ஜூலை 22, ஃபிரான்ஸ்ல கார்வின் ஊருக்கு மேல ஜெர்மன்காரங்களோட ஃபாக்கர் விமானங்களோட நடந்த சண்டையில விழுந்துட்டான். 19 வயசு. ஒன்பதே நாள்ல சொல்லிக்கொடுத்த மெக்கல்ராயும் போயிட்டாரு. வான்சண்டை வீரத்துக்குக் குடுக்கற டிஎஃப்சி பதக்கம் செப்டம்பர்ல அறிவிச்சாங்க, அத வாங்கின முதல் இந்தியன் இவன்தான், வாங்கிக்க ஆள் இல்ல.

யாருக்காகப் பறந்தான்னு என்னால ஒத்த வார்த்தையில சொல்ல முடியலைங்க. எஸ்தவெல் கிராமத்துல இருக்கற அவனோட கல்லறையில ஃபிரெஞ்சுலயும் வங்காளத்துலயும் எழுதியிருக்கு, வங்காளத்துல இருக்கறது இது, மாவீரனின் சமாதி, மரியாதை செய், தொடாதேனு.