வளவுத் தாராவும் கடல்நீரேரித் தாராவும்: வாசகர் கேள்விகள்

இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் தாரா (வாத்து) பற்றியவை. மழைக்காலம் நெருங்கும்போது இது வழக்கம்தான். எழுதுவோரிடம் பழைய வேண்டுகோளையே மீண்டும் வைக்கிறேன்: எந்த இனம், எத்தனை மாதம், என்ன தீன் என்ற மூன்றையும் எழுதுங்கள். அவை இல்லாத கடிதத்துக்கு ஊகித்துத்தான் பதில் சொல்லமுடியும்.

என் தாராக்களுக்கு ஆறு மாதம் ஆகிவிட்டது. ஒரு முட்டைகூட இல்லை. ஏன்? (சாவகச்சேரி)

எந்த இனம்? எத்தனை பெட்டை? கடிதம் முழுவதும் தேடினேன், இல்லை. காக்கி கம்பெல் என்றால் ஐந்து, ஐந்தரை மாதத்தில் தொடங்கியிருக்க வேண்டும். மஸ்கோவி என்றால் இன்னும் ஒரு மாதம் பொறுக்கலாம். ஆனால் கூட்டை விடியவே திறந்துவிடுகிறீர்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். கோளாறு அங்கேதான் இருக்கக்கூடும். தாரா பெரும்பாலும் விடியற்காலையில் முட்டையிடும். திறந்துவிட்டால் வேலிக்கரையிலும் வாய்க்காலிலும் போட்டுவிட்டு வரும், கீரி தின்றுவிடும். ஒரு வாரம் காலை 9 மணி வரை அடைத்துவைத்துப் பாருங்கள். அதன்பிறகும் இல்லையென்றால் இனத்தின் பெயரோடு எழுதுங்கள்.

பீக்கிங் என்று சொல்லி வெள்ளைத் தாரா விற்றார்கள். முகத்தில் சிவப்பாகக் கரடுமுரடாகத் தசை இருக்கிறது. நோயா? (காரைநகர்)

நோய் இல்லை, இனம் வேறு. உங்களிடம் இருப்பது வெள்ளை மஸ்கோவி. வெள்ளையாக இருப்பதெல்லாம் பீக்கிங் ஆகிவிடாது. பீக்கிங்கின் முகம் முழுவதும் இறகு மூடியிருக்கும், அலகு செம்மஞ்சள், குரல் ஊரைக் கூட்டும். மஸ்கோவி கத்தாது, சீறும். கால்நகம் கூர்மையானது, மரத்தில் ஏறி உட்காரும், வேலியையும் தாண்டிப் பறக்கும்.

வம்சமும் வேறு. பீக்கிங், காக்கி கம்பெல், ரன்னர் எல்லாம் பச்சைத்தலைக் காட்டுத் தாராவின் வழிவந்தவை. மஸ்கோவி மத்திய, தென் அமெரிக்கக் காடுகளின் பறவை. அதனால்தான் அவற்றுக்கு 28 நாளில் குஞ்சு பொரிக்க, இதற்கு 35 நாள் வேண்டும். இரண்டையும் கலந்தால் வரும் குஞ்சு நன்றாகச் சதை பிடிக்கும், ஆனால் மலடு. வம்சம் பெருக்க உதவாது.

இறைச்சிக்கு எட்டு வாரத்தில் மூன்று கிலோ வேண்டுமென்றால் பீக்கிங் வாங்கியிருக்க வேண்டும். மஸ்கோவிச் சேவல் நான்கு, ஐந்து கிலோ வரை போகும், பெட்டை அதில் பாதி, ஆனால் நாள் எடுக்கும். விற்றுவிடாதீர்கள். அடைகாப்பதில் மஸ்கோவிப் பெட்டைக்கு நிகரில்லை.

முட்டைக்கு எந்த இனம் சிறந்தது? (கொடிகாமம்)

காக்கி கம்பெல். இங்கிலாந்தில் கம்பெல் என்ற பெண்மணி இந்தியன் ரன்னரையும் வேறு தாராக்களையும் கலந்து, 1900ஆம் ஆண்டை ஒட்டி உருவாக்கிய இனம். நல்ல பராமரிப்பில் ஆண்டுக்கு 300 முட்டை என்பார்கள். வளவில் திரியவிட்டுத் தவிடும் குருணலும் போடுபவருக்கு அதில் பாதி கிடைத்தாலே திருப்தி அடையவேண்டும். ஒரு சேவலுக்கு ஐந்தாறு பெட்டை போதும். இது அநேகமாக அடைகாக்காது. ஊர்க்கோழிக்குக் கீழே எட்டு, பத்து முட்டை வையுங்கள். கடைசி நாட்களில் முட்டைமேல் இளஞ்சூட்டு நீர் தெளியுங்கள்.

இரண்டு வாரக் குஞ்சுகள் கால் வளைந்து நொண்டுகின்றன. கோழிக்குஞ்சுத் தீன்தான் கொடுக்கிறேன். (சுன்னாகம்)

பதிலைக் கடிதத்திலேயே எழுதிவிட்டீர்கள். தாராக் குஞ்சுக்கு நியாசின் என்ற பி உயிர்ச்சத்து கோழிக்குஞ்சைவிட ஏறக்குறைய இரண்டு மடங்கு வேண்டும். உண்பதற்கான ஈஸ்ட் தூளைத் தீனில் கலந்து கொடுங்கள். ஆரம்பத்தில் கவனித்தால் தேறும், முற்றி வளைந்த கால் நிமிராது. அந்தக் கோழித்தீன் மூட்டையில் கழிச்சல் மருந்து கலந்திருக்கிறதா என்பதையும் மிருக வைத்தியரிடம் காட்டிக் கேளுங்கள்.

ஒவ்வொரு முறையும் சொல்வதை இப்போதும் சொல்கிறேன்: பூஞ்சணம் பிடித்த சோளமும் கடலைப் புண்ணாக்கும் தாராவுக்கு நஞ்சு. 1960இல் இங்கிலாந்தில் பூஞ்சண நஞ்சேறிய கடலைப் புண்ணாக்கைத் தின்று ஒரு லட்சம் வான்கோழிகள் செத்தன. அந்த நஞ்சைத் தாங்கும் சக்தி தாராக் குஞ்சுக்கு மிகக் குறைவு. மணந்து பார்த்து, சந்தேகம் இருந்தால் கொட்டிவிடுங்கள்.

மாரியில் வலைபோட்டுப் பிடித்த சின்னத் தாரா நான்கு வாங்கி, சிறகு வெட்டி வளவில் விட்டிருக்கிறேன். கண்ணுக்கு மேலே வெள்ளைக் கோடு. வீட்டுத் தாராவோடு கலந்து நல்ல இனம் எடுக்கலாமா? (அராலி)

எடுக்க முடியாது, எடுக்கவும் கூடாது. இதைப் பலமுறை எழுதிவிட்டேன். இன்னும் வாங்குகிறார்கள், அதனால் இன்னும் பிடிக்கிறார்கள்.

நீங்கள் சொல்லும் வெண்புருவம் நீலச்சிறகித் தாராவின் ஆணுக்கு உரியது. ஐரோப்பாவிலிருந்து சைபீரியா வரையுள்ள சதுப்புகளில் குஞ்சு பொரித்து, குளிருக்கு முன் புறப்பட்டு இமயத்துக்கு அப்பாலிருந்து நம் கடல்நீரேரிக்கு வந்து, பங்குனி, சித்திரையில் திரும்பிப்போகும் பறவை. எடை பெரும்பாலும் 400 கிராமுக்குள். அதைக் கலந்து முட்டை கூடுமா, இறைச்சி கூடுமா? அத்தனை தூரம் பறந்து வந்த சிறகைக் கத்தரிக்கோலால் வெட்டியிருக்கிறீர்கள். கடிதத்தைப் படித்ததும் மனம் நொந்துவிட்டது.

சட்டமும் தெளிவு. 1937ஆம் ஆண்டுத் தாவர விலங்கினப் பாதுகாப்புக் கட்டளைச் சட்டம் இப்பறவைகளைக் காக்கிறது. பிடித்தவர் மட்டும் குற்றவாளி என்று நினைக்காதீர்கள், வாங்கி வைத்திருப்பதும் குற்றம். இவை வந்து கூடும் சுண்டிக்குளத்தை 1938இலேயே சரணாலயம் ஆக்கினார்கள், 2015இல் தேசியப் பூங்காவாக உயர்த்தினார்கள். ஆனால் தாராவுக்கு எல்லைக்கல் தெரியாது. தொண்டைமானாற்றிலும் நாவற்குழியிலும் மண்டைதீவிலும் அவை இறங்கும் இடமெல்லாம் நம் வீட்டு வாசல்தான்.

அடுத்தது உங்கள் வளவின் ஆபத்து. காட்டுத் தாரா பறவைக் காய்ச்சல் கிருமியை எந்த அறிகுறியும் இல்லாமல் சுமந்து திரியக்கூடும். அதே கிருமி அயல்வீட்டுக் கோழிகளை ஓரிரு நாளில் கொன்றுவிடும். காட்டுத் தாராவையும் வீட்டுத் தாராவையும் ஒரே நீரில் விடவேண்டாம் என்று நான் ஓயாமல் சொல்வது இதனால்தான். இன்றே அந்த நான்கையும் தனியே அடையுங்கள். தீன் வைத்தபின் சவர்க்காரம் போட்டுக் கை கழுவுங்கள். வனஜீவராசிகள் திணைக்களத்துக்கு அறிவித்து ஒப்படையுங்கள். நீங்களாகத் திறந்துவிடாதீர்கள். இறகு புதிதாக முளைக்கும்வரை அவற்றால் பறக்க முடியாது, முதல் நாயே பிடித்துவிடும்.

ஐப்பசியில் வந்த காட்டுத் தாராக் கூட்டத்தில் எல்லாமே கபில நிறம். ஆண்களே வரவில்லையா? (நாவற்குழி)

வந்திருக்கின்றன. இனப்பெருக்கம் முடிந்ததும் ஆண்கள் பகட்டு இறகை உதிர்த்துப் பெட்டை போலாகிவிடும். மார்கழி, தையில் மீண்டும் பாருங்கள், ஊசிவாலன் தாராவின் ஆணுக்கு வெள்ளைக் கழுத்து தெரியும். அதுவரை அலகைப் பாருங்கள். அகப்பை போல் அகன்றிருந்தால் அது தட்டைவாயன், நிறம் எதுவானாலும்.

குளத்தில் மூழ்கி மூழ்கி எழும் குட்டித் தாரா எது? (புத்தூர்)

தாராவே இல்லை. முக்குளிப்பான்.

முட்டையில் மீன் வாடை வருகிறது. (குருநகர்)

மீன்கழிவைக் குறையுங்கள், இரண்டு வாரத்தில் போய்விடும். அரைவேக்காட்டில் உண்ணாதீர்கள், பத்து நிமிடம் கொதிக்கட்டும்.

தாரா வளர்க்கத் தடாகம் கட்டவேண்டுமா? (அச்சுவேலி)

தேவையில்லை. தலையும் மூக்குத் துவாரமும் மூழ்குமளவு ஆழமான பாத்திரம் போதும். கண்ணையும் மூக்கையும் கழுவ முடியாத தாராவுக்குக் கண் ஒட்டிக்கொள்ளும். நீரை நாளுக்கு இரு தடவை மாற்றுங்கள். உங்கள் கிணறு உவர் என்றால் குஞ்சுகளுக்கு மட்டும் நல்ல தண்ணீர் கொண்டுவந்து வையுங்கள். வளர்ந்த தாரா கொஞ்சம் உப்பைத் தாங்கும், குஞ்சு தாங்காது.